நான் அழித்த பென்சில் எழுத்து

பசை காய்ச்சுவது, கிழிந்த தாளை ஒட்டுவது, தோல் அட்டையைத் துடைப்பது பற்றியெல்லாம் உங்களுக்கு நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. அவற்றைச் சொல்லித்தர உங்கள் நூலகங்களில் ஆட்கள் இருக்கிறார்கள், கையேடுகளும் இருக்கின்றன. பழைய நூல்களைப் பேணும் வேலைக்கு ஜேர்மனியில் நம் பிள்ளைகள் நாலைந்து பேர் வந்திருக்கிறீர்கள் என்று கேள்விப்பட்டபோது எனக்கு உண்மையாகவே சந்தோஷமாக இருந்தது. "அக்கா, உங்கடை அனுபவத்தை எழுதித் தாங்கோ" என்று கேட்டீர்கள். நான் செய்த நல்ல காரியங்களை எழுதுவேன் என்று எதிர்பார்த்திருப்பீர்கள். அவையெல்லாம் நான் ஓய்வுபெற்ற அன்று கேக் வெட்டும்போதே சொல்லி முடிந்துவிட்டன. கேக் வெட்டும் இடத்தில் யாரும் பிழைகளைச் சொல்வதில்லை. ஆகவே நான் இங்கே ஒரு பிழையைப் பற்றி எழுதுகிறேன். அதை ஐந்து மாதம் மறைத்ததையும், பிறகு பதினொரு நாள் நடுங்கியதையும் சேர்த்தே எழுதுகிறேன்.

நான் வேலை செய்தது ஒரு பல்கலைக்கழக நூலகத்தில். வுப்பர்டாலிலிருந்து ரயிலில் போய்வருவேன். முதலில் மேல்மாடியில் இருந்த பட்டறைக்கு என்னை எடுக்கவில்லை. கீழே, மாணவர்கள் திருப்பித் தரும் நூல்களைச் சரிபார்த்து அடுக்கும் இடத்தில் ஏழு வருடம் நின்றேன். பரீட்சைக் காலம் முடிந்தால் நூல்கள் வரும் கோலத்தைப் பார்க்க வேண்டும். கோடு, அம்புக்குறி, கேள்விக்குறி, காதலியின் பெயர் என்று எல்லாம் பென்சிலில் இருக்கும். அவற்றை அழிப்பது என் வேலைகளில் ஒன்று.

எனக்கு அது வேலையாகவே தெரியவில்லை. எங்கள் வீட்டில் புத்தகத்தில் கால் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வோம். புத்தகத்தில் எழுதினால் முதுகில் விழும். அப்படி வளர்ந்த ஒருத்தியின் கையில் ஒரு அழிறப்பரைக் கொடுத்து, இந்தக் கிறுக்கல்களை அழி என்று சொன்னால் எப்படி இருக்கும்? கை துறுதுறுக்கும். எழுத்தைப் பார்த்தால் அது என்ன சொல்கிறது என்று பார்க்கமாட்டேன், அழுக்கு என்றுதான் பார்ப்பேன். நான் அழித்த பக்கத்தில் யாரும் எப்போதும் எழுதியதில்லை என்று சத்தியமே செய்யலாம், அவ்வளவு சுத்தம். இதை நான் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

பிறகு பயிற்சி முடித்து மேலே பட்டறைக்குப் போனேன். ஒப்பந்தம் வருடத்துக்கு வருடம் புதுப்பிக்கப்படும். என் கணவருக்கு முதுகு போய் அவர் வேலைக்குப் போகமுடியாமல் வீட்டில் இருந்த காலம் அது. மூன்றாம் வருடம் என்னை நிரந்தரமாக்குவார்கள் என்று பட்டறைத் தலைவி சொல்லியிருந்தார். அவர் ஒரு ஜேர்மன் பெண்மணி. அளந்துதான் பேசுவார், ஆனால் சொன்னதைச் செய்வார்.

அந்த மூன்றாம் வருட இலையுதிர்காலத்தில் இரண்டு பெட்டி நூல்கள் வந்தன. ரைன் நதியோரம் ஒரு சுகவாச ஊரில், பேக்கரிக்கு மேலே இருந்த பழைய வீடொன்றைக் காலிசெய்தபோது கிடைத்தவை. மார்த்தா பெல்லிங் என்ற ஆங்கிலேயப் பெண்ணுடையவை. விக்டோரியா மகாராணி காலத்தில் அவர் லண்டனில் இருந்து, நெஞ்சு வருத்தத்துக்கு இந்தக் காற்று நல்லது என்று டாக்டர் சொன்னதால் இங்கே வந்து தங்கியவர். காலையில் ஒரு பெண்கள் பள்ளியில் ஆங்கிலம் படிப்பித்தார். மிச்ச நேரத்தில் நாவல் எழுதினார், லண்டனிலிருந்து வந்த ஒரு வாரப் பத்திரிகைக்கு நூல் விமர்சனமும் எழுதினார். இதெல்லாம் எனக்குப் பின்னால் தெரியவந்தது. அன்றைக்கு என் மேசைக்கு வந்த வேலைத் துண்டுச்சீட்டில் இருந்தது ஒரே வரி: மேற்பரப்புத் தூசு நீக்குக.

எதைத் தொடுவதற்கு முன்னும் ஒவ்வொரு பக்கத்தையும் படம் எடுக்க வேண்டும் என்பது எங்கள் பட்டறையின் விதி. கமரா பழுதுபார்க்கப் போயிருந்தது. தலைவி வெளியூரில் ஒரு கூட்டத்துக்குப் போயிருந்தார். நான் காத்திருந்திருக்கலாம், யாரும் அவசரப்படுத்தவில்லை. சும்மா இருப்பது எனக்குப் பிடிக்காது, அவ்வளவுதான் காரணம். முதல் நூலை எடுத்தேன். ஒரு ஆண் பெயரில் வந்த நாவல். தூரிகையால் தூசைத் தட்டினேன். முதல் பக்கத்தின் ஓரத்திலேயே பென்சில் எழுத்து இருந்தது. சின்னச் சின்னதாய், சாய்ந்து, மங்கிப்போய். பழைய வீட்டு நூல்தானே, எந்தப் பள்ளிக்கூடப் பெட்டையோ இரவல் வாங்கிக் கிறுக்கியிருக்கிறாள் என்று நினைத்தேன். நினைத்தேன் என்றுகூடச் சொல்ல முடியாது. கை அழிறப்பரை எடுத்துவிட்டது.

மூன்று அத்தியாயம் அழித்தேன். நாலாம் அத்தியாயத்திலிருந்து எழுத்து எதுவும் இல்லை. என் வேலையின் சுத்தத்தை நானே ரசித்துவிட்டுச் சாப்பிடப் போனேன்.

திரும்பி வந்து இரண்டாவது நூலைத் திறந்தேன். அதே எழுத்து. மூன்றாவதிலும் அதே எழுத்து. நாலாவதன் முன்பக்கத்தில் மார்த்தா பெல்லிங் என்று மையால் கையெழுத்து இருந்தது. அந்த எழுத்தும் ஓரத்தில் இருந்த எழுத்தும் ஒரே கை. ஒவ்வொரு நூலிலும் முதல் சில அத்தியாயங்களின் ஓரம் முழுக்க எழுதியிருந்தார். கதிரையில் இருந்தேன். மேசையில் அழிறப்பர்த் துகள்கள் கிடந்தன, சாம்பல் நிறத்தில். அந்தத் துகளுக்குள்தான் அந்த மனுசியின் எழுத்து இருந்தது.

அப்போது நான் செய்த காரியம்தான் அழித்ததை விட மோசமானது. துகள்களைக் கூட்டி அள்ளிக் குப்பையில் போட்டேன். வேலைத் துண்டில் 'மேற்பரப்புத் தூசு நீக்கப்பட்டது' என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன். இரண்டு கிழமை கழித்துப் பட்டியல் தயாரித்தவர் மற்ற நூல்களுக்கு எல்லாம் 'ஓரக் குறிப்புகள் உண்டு' என்றும், அந்த ஒரு நூலுக்கு 'குறிப்புகள் இல்லை' என்றும் கணினியில் பதிந்தார். நான் அதைப் பார்த்தேன். பார்த்துவிட்டுத் தேத்தண்ணி குடிக்கப் போனேன்.

ஐந்து மாதம் ஒன்றும் நடக்கவில்லை. பயம் இருந்தது, ஆனால் பழகிவிட்டது. வீட்டுச் சாவியைப் போல அதையும் பையில் போட்டுக்கொண்டு வேலைக்குப் போய்வந்தேன்.

வசந்தகாலத்தில் ஜெனிற்றா வந்தாள். யாழ்ப்பாணத்திலிருந்து அகதிகளாக வந்த கிறிஸ்தவத் தாய்தகப்பனுக்கு இங்கே பிறந்த பிள்ளை, ஆங்கில இலக்கியத்தில் முனைவர் பட்டத்துக்குப் படிப்பவள். மார்த்தா பெல்லிங்தான் அவளுடைய ஆய்வு. நூல்கள் பழையவை என்பதால் வாசிப்பறையில் யாராவது பக்கத்தில் இருக்க வேண்டும். தமிழ்ப் பிள்ளை என்று தெரிந்து தலைவி என்னை அனுப்பினார்.

"அன்ரி, நீங்கள் தமிழோ?" என்றாள்.

"ஓம். ஆனால் வேலையிடத்திலை அன்ரி இல்லை, அக்கா."

"சரி அக்கா," என்று சிரித்தாள். எனக்கு அவளை உடனே பிடித்துவிட்டது. பிடித்ததனால் பிறகு இன்னும் கஷ்டமாகப் போயிற்று.

முதல் நாள் முழுக்க அவள் மற்ற நூல்களைப் பார்த்தாள். நடுநடுவே எனக்குச் சொல்லிக்கொண்டே வந்தாள். "இந்த மனிசி பாவம் அக்கா. பத்திரிகையிலை அவ்வளவு வருசமா எழுதினவ, ஒரு இடத்திலையும் பேர் இல்லை. அந்தக் காலத்திலை விமர்சனத்துக்குப் பேர் போடமாட்டினம். வாசிச்ச ஆக்கள் எல்லாரும் ஆரோ ஒரு பெரிய மனிசன் எழுதுறார் எண்டுதான் நினைச்சவை. இஞ்ச பாருங்கோ, ஓரத்திலை பென்சிலாலை எழுதியிருக்கிறா. அதையே திருத்தி எழுதித் தபாலிலை அனுப்புவா. என்னட்டை அந்தப் பத்திரிகையின்ரை படிகள் இருக்கு. சொல்லுக்குச் சொல் ஒத்துப்போகுது."

"அப்ப உமக்குச் சாட்சி கிடைச்சிட்டுது," என்றேன்.

"இன்னும் இல்லை. முக்கியமான சாட்சி நாளைக்குப் பாக்கப்போற நாவலிலைதான் இருக்கு."

எந்த நாவல் என்று நான் கேட்கவில்லை. கேட்காமலே தெரிந்தது.

அவள் சொன்ன கதை இதுதான். பெல்லிங் தன் கடைசி நாவலை ஒரு ஆண் பெயரில் வெளியிட்டார். பதிப்பாளருக்குக் கடிதம் எழுதி அந்த இரகசியத்தைக் காக்கச் சொல்லியிருந்தார். அந்தக் கடிதத்தை ஜெனிற்றா கண்டுபிடித்திருந்தாள். பத்திரிகை ஆசிரியருக்கு இது தெரியாது. அவர் வழக்கம்போல விமர்சனத்துக்கான நூல்களைக் கட்டி லண்டனிலிருந்து அனுப்பினார், அந்தக் கட்டுக்குள் அந்த நாவலும் இருந்தது. சொந்த நாவலுக்குத் தானே விமர்சனம் எழுத வேண்டும். எழுதமாட்டேன் என்றால் ஏன் என்று கேட்பார்கள். புகழ்ந்து எழுதினால் பிறகு எப்போதாவது உண்மை வெளிவரும்போது மானம் போகும். அந்தப் பத்திரிகையில் அந்த நாவலைப் பற்றி வந்த விமர்சனம் மிகக் கொடூரமானது. அதற்குப் பிறகு பெல்லிங் நாவலே எழுதவில்லை. அந்தக் காலத்து ஆண் விமர்சகர் ஒருவர்தான் அதை எழுதி அவரை முடித்துவிட்டார் என்று இத்தனை காலமும் எல்லோரும் சொல்லிவந்தார்கள்.

"அவதான் எழுதினவ எண்டு நான் நம்புறன் அக்கா. பயத்திலை எழுதினவ. ஆனால் நம்பிக்கையைப் பேராசிரியரிட்டைக் குடுக்க ஏலாதே. ஓரத்திலை இருக்கிற எழுத்துத்தான் வேணும்."

அடுத்த நாள் காலை அந்த நாவலைக் கொண்டுபோய் அவள் முன்னால் வைத்தேன். அவள் முன்பக்கத்தைப் பார்த்தாள். முதலாம் பக்கத்தைத் திருப்பினாள், இரண்டாம் பக்கம், மூன்றாம் பக்கம். பிறகு வேகமாகத் திருப்பினாள். பிறகு மறுபடியும் முதலிலிருந்து மெதுவாகத் திருப்பினாள். நான் யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"ஒண்டும் இல்லை," என்றாள். "ஒரு கோடுகூட இல்லை அக்கா."

"சிலவேளை வேறை பிரதி ஒண்டு இருந்திருக்கும்," என்றேன். என் வாயால் சொன்ன முதல் பொய் அதுதான். அதுவரை செய்ததெல்லாம் மௌனம் என்று என்னை நானே தேற்றிக்கொண்டிருந்தேன்.

"இல்லை அக்கா. பத்திரிகைக்காரர் ஒரு பிரதிதான் அனுப்புவினம். முன்பக்கத்திலை அவையின்ரை முத்திரை இருக்கு, பாருங்கோ. இதுதான் அது. அவ இதை வைச்சிருந்திருக்கிறா, ஆனால் ஒண்டும் எழுதேல்லை. அப்ப விமர்சனம் அவ எழுதினதில்லை. நான்தான் பிழை. வெறும் ஓரமும் ஒரு சாட்சிதானே."

அவள் அழவில்லை. கொப்பியை மூடிவிட்டு, பென்சில்களை ஒவ்வொன்றாகப் பெட்டிக்குள் வைத்தாள். இரண்டு கிழமையில் பேராசிரியரிடம் கொடுக்க வேண்டும், அந்த அத்தியாயத்தை எடுத்துப்போட்டுவிட்டுப் பழைய கதையையே எழுதப்போகிறேன் என்றாள். மூன்று வருட வேலையில் முக்கால்வாசி அந்த அத்தியாயத்தைச் சுற்றித்தான் இருந்தது. அவள் வைத்த பென்சில்கள் பெட்டிக்குள் விழும் சத்தம் எனக்குக் கேட்டுக்கொண்டே இருந்தது.

அந்தப் பதினொரு நாட்கள் அன்றைக்குத் தொடங்கின.

பயம் என்றால் உங்களுக்குத் தெரிந்த பயம் இல்லை. எனக்கு ஊரில் குண்டுக்குப் பயந்தும் பழக்கம் உண்டு. அது வெளியிலிருந்து வரும், பதுங்கினால் போய்விடும். இது அப்படி இல்லை. லிஃப்ட் கதவு திறக்கும் சத்தம் கேட்டால் தலைவி என்னைத் தேடி வருகிறார் என்று நினைப்பேன். கன்ரீனில் இரண்டு பேர் மெதுவாகப் பேசினால் என்னைப் பற்றித்தான் என்று தோன்றும். மெல்லிய தாளை ஒட்டும்போது இரண்டு தரம் கிழித்துவிட்டேன். எத்தனை பேர் நல்ல கைக்காரி என்று சொன்ன கை அது.

கணவரிடம் சொன்னேன். சோறு போட்டுக்கொண்டே சொன்னேன், அவருடைய முகத்தைப் பார்த்துச் சொல்லத் தைரியம் இல்லை.

"ஆர் பாத்தது?" என்று கேட்டார்.

"ஒருத்தரும் பாக்கேல்லை."

"பிறகேன் நீர் குழம்புறீர்? வாற கிழமைக்கு அடுத்த கிழமைதானே உமக்கு ஒப்பந்தம் பேச டெர்மின்? நிரந்தரமாக்கிறம் எண்டு கையெழுத்து விழட்டும். அதுக்குப் பிறகு சொல்லும். இப்ப சொன்னால் எங்களுக்கு என்ன இருக்கு?"

அவர் கெட்ட மனுசன் இல்லை. எழுந்து நிற்கவே கதிரையைப் பிடிக்க வேண்டிய நிலையில் இருந்தவர். அவர் சொன்னதில் பிழை என்று அப்போது எனக்கும் தோன்றவில்லை. ஆனால் அவர் சொன்ன கணக்கில் ஜெனிற்றாவின் நாள் முதலில் வந்தது. என் கையெழுத்து விழுவதற்குள் அவளுடைய அத்தியாயம் போய்விடும். அவள் பழைய கதையை எழுதினால் நான் அழித்த வெறுமை அச்சில் ஏறி உண்மையாகிவிடும், அதற்குப் பிறகு யார் வந்து என்ன சொன்னாலும் எடுபடாது.

ஆறாம் நாள் ஒரு கோழைத்தனமான யுக்தி செய்தேன். பென்சிலை அழித்தாலும் அழுத்தி எழுதிய இடத்தில் தாளில் மெல்லிய பள்ளம் இருக்கும். விளக்கைத் தாளோடு தாளாகப் பக்கவாட்டில் பிடித்தால் பள்ளத்தில் நிழல் விழும், எழுத்து தெரியும். இது உங்களுக்குத் தெரிந்திருக்கும். நான் ஒன்றும் ஒத்துக்கொள்ளாமல் அவளாகவே கண்டுபிடித்துவிட்டால் நல்லது என்று நினைத்தேன். மற்ற நூல்களைப் பார்த்து முடிக்க அவள் தினமும் வந்துகொண்டுதான் இருந்தாள்.

"அந்த நாவலைப் பக்க வெளிச்சத்திலை ஒருக்காப் பாத்தால் என்ன?" என்றேன்.

"ஏன் அக்கா? வெறும் ஓரத்திலை என்னத்தைத் தேடுறது? அதுக்கு அன்ட்ராக் நிரப்பி விண்ணப்பிக்கவேணுமெல்லோ. காரணம் கேப்பினம். என்ன காரணம் எழுதுறது?"

"சும்மா எண்டு எழுதும்."

"சும்மாவை டொச் பாசையிலை எப்பிடி எழுதுறது அக்கா?" என்று சிரித்தாள். அந்த நாட்களில் அவள் சிரித்தது அந்த ஒரு தரம்தான். நானும் சிரித்தேன். சிரித்துவிட்டுக் கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு நின்றேன்.

ஒன்பதாம் நாள் அவளிடம் அந்த விமர்சனத்தின் படியை வாங்கிக்கொண்டு ரயிலில் வாசித்தேன். என் ஆங்கிலம் அவ்வளவு நல்லதல்ல, அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டேன். கொடூரம் என்று அவள் சொன்னது சரி. இந்த நாவலாசிரியர் சொல்லத் துணிந்ததை மூன்றாம் அத்தியாயத்தோடு கைவிட்டுவிட்டார், பிறகு வாசகருக்குப் பிடித்ததை மட்டும் எழுதியிருக்கிறார், இனி இவர் எழுதாமல் இருப்பதே நல்லது என்று அது சொன்னது. எதிரி எழுதினால் இவ்வளவு சரியாக இடம் பார்த்துக் குத்த முடியாது. எந்த இடத்தில் பயந்தோம் என்று எழுதியவருக்குத்தான் தெரியும். அகப்படுவோமோ என்ற பயத்தில் அந்த மனுசி தன்னையே அடித்திருக்கிறார் என்று எனக்கு விளங்கியது. அகப்படாமலும் போனார். அதனால் அவருக்கு என்ன கிடைத்தது? எழுத்தை விட்டார், பேக்கரிக்கு மேலே குடியிருந்து பிள்ளைகளுக்கு ஆங்கிலம் படிப்பித்தார், செத்தார். நானும் அகப்படாமல் போவேன் என்று அன்றைக்கு எனக்கு நன்றாகத் தெரிந்தது. அதை நினைத்துத்தான் அன்று கூடுதலாகப் பயந்தேன்.

பதினோராம் நாள் காலை, ஜெனிற்றா வருவதற்கு முன் அந்த விண்ணப்பப் படிவத்தை எடுத்தேன். நூலின் பெயர், இலக்கம், கேட்கும் பரிசோதனை எல்லாவற்றையும் நிரப்பினேன். காரணம் என்ற பெட்டி மிச்சம். பேனையை அந்தப் பெட்டியில் வைப்பதும் எடுப்பதுமாக இருந்தேன். கடைசியில் டொச் மொழியில் எனக்குத் தெரிந்த எளிமையான வசனமாக எழுதினேன்: முதல் மூன்று அத்தியாயங்களின் ஓரத்தில் பென்சில் எழுத்து இருந்தது, அதை நான் அழித்தேன், படம் எடுக்கவில்லை, மறைத்தேன். கீழே கையெழுத்து வைத்துத் தலைவியின் அறைக்குக் கொண்டுபோனேன். அடுத்த கிழமைதான் என் ஒப்பந்த டெர்மின்.

அவர் நின்றபடியே வாசித்தார். இரண்டு தரம் வாசித்தார்.

"இது உங்கள் கையெழுத்தா?"

"ஆம்."

"உட்காருங்கள்." அவர் உட்காரவில்லை. "வேறு எத்தனை நூல்களில் இப்படிச் செய்தீர்கள்?"

"இந்த ஒன்றில் மட்டும்."

"அதை நான் எப்படி நம்புவது?"

இந்தக் கேள்விக்கு நான் தயாராக இருக்கவில்லை. திட்டுவார், அனுப்புவார் என்றெல்லாம் யோசித்து வைத்திருந்தேன். நான் உண்மை சொல்லும்போது அதை நம்ப ஒருவருக்கும் காரணம் இருக்காது என்பதை யோசிக்கவே இல்லை. அவர் என்னைப் பார்த்துக்கொண்டே நின்றார், எனக்கு உதவி செய்யவில்லை. அவர் உதவி செய்திருக்கவும் கூடாது.

நான் பட்டறையில் தொட்ட நூல்கள் எல்லாம் மறுபடியும் இறக்கப்பட்டன. ஒவ்வொன்றையும் என் சக ஊழியர்கள் விளக்கின் கீழ் வைத்துப் பார்த்தார்கள். மூன்று கிழமை எடுத்தது. அந்த மூன்று கிழமையும் அவர்களோடு ஒரே அறையில் இருந்து வேலை செய்தேன். என்னையறியாமல் வேறு எங்காவது செய்திருப்பேனோ என்று எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. வேறொன்றும் இருக்கவில்லை. என்னை நிரந்தரமாக்கவில்லை. ஒரு வருடம் கீழே அனுப்பினார்கள், பழைய இடத்துக்கே, ஆனால் அழிறப்பர் வேலை தரவில்லை. வீட்டில் இரண்டு நாள் பேச்சுவார்த்தை இல்லை. மூன்றாம் நாள் கணவர் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்து வைத்தார், அந்த முதுகோடு. நிரந்தரமானது அதற்கு இரண்டு வருடம் கழித்து.

ஜெனிற்றாவிடம் அன்றைக்கே சொன்னேன். தலைவி சொல்வார், நான் சொல்லத் தேவையில்லை என்று ஒரு எண்ணம் வந்தது. அதையும் ஒரு வகை ஒளிப்பு என்று கண்டு, வாசிப்பறை வாசலில் நின்று நானே சொன்னேன். அவள் கோபப்படுவாள் என்று தெரியும், கோபம் எப்படி வரும் என்று தெரியாது. சத்தம் போடவில்லை.

"ஏன் அக்கா அண்டைக்கே சொல்லேல்லை?"

"பயம் பிள்ளை."

"எனக்கும்தான் பயமா இருந்தது, மூண்டு வருசம் போச்செண்டு. நீங்கள் பக்கத்திலை இருந்து பாத்துக்கொண்டிருந்தனீங்கள்."

அழித்ததை அவள் பிறகு மன்னித்துவிட்டாள். பக்கத்தில் இருந்து பார்த்துக்கொண்டிருந்ததை மன்னித்தாளா என்று நான் கேட்கவில்லை.

பரிசோதனை நடந்த அறைக்கு என்னையும் கூப்பிட்டார்கள், எந்தெந்த இடத்தில் எழுத்து இருந்தது என்று காட்ட. யன்னல்களை மூடினார்கள். விளக்கைத் தாளோடு தாளாக இறக்கினார்கள். முதலில் தாளின் நார் மட்டும் தெரிந்தது. விளக்கை இன்னும் கொஞ்சம் திருப்பியபோது ஓரத்தில் ஒரு எழுத்து எழுந்தது, பிறகு ஒரு சொல். ஜெனிற்றா வாயைப் பொத்திக்கொண்டாள். முதலாம் அத்தியாயத்தில் பெரும்பகுதி கிடைத்தது. பெல்லிங் கோபத்தில் அழுத்தி எழுதியிருந்தார், அதுவே உதவியது. இரண்டாம் அத்தியாயத்தில் அங்குமிங்குமாகக் கிடைத்தது. கிடைத்தவற்றில் இரண்டு வசனங்கள் அந்த விமர்சனத்தில் அப்படியே இருந்தன. அவளுக்கு அது போதும். அத்தியாயம் பிழைத்தது. இத்தனை காலமும் பழி சுமந்த அந்த ஆண் விமர்சகரும் பிழைத்தார்.

மூன்றாம் அத்தியாயம்தான் போய்விட்டது. அங்கே அவர் அழுத்தாமல் எழுதியிருந்தார், கை தளர்ந்தது போல. அத்தியாயத்தின் கடைசிப் பக்க ஓரத்தில் நீளமாக ஒரு குறிப்பு இருந்த இடம் மட்டும் தெரிந்தது. நான் நன்றாக அழுத்தி அழித்திருந்ததால் தாளின் மேற்பரப்பே தேய்ந்துபோயிருந்தது. எந்தப் பக்கத்திலிருந்து விளக்கைப் பிடித்தும் அது எழவில்லை. அந்தக் குறிப்பு முழுவதும் விமர்சனத்தில் வந்திருக்க முடியாது என்று ஜெனிற்றா சொன்னாள். விமர்சனத்தில் மூன்றாம் அத்தியாயத்தைப் பற்றி இருந்தது ஒரே வசனம்தான். ஓரத்தில் இருந்த இடமோ ஏழெட்டு வரிக்குப் போதும். அங்கே அவர் பத்திரிகைக்கு எழுதவில்லை, தனக்கு எழுதியிருக்கிறார்.

ஆய்வேடு அச்சுக்குப் போவதற்கு முன் அவள் தொலைபேசியில் கூப்பிட்டாள். ஓரக் குறிப்புகள் எப்படி அழிந்தன என்று அடிக்குறிப்பில் சொல்ல வேண்டும், 'நூலகப் பணியாளர் ஒருவரால்' என்று போடலாமா, நூலகத்தாருக்கும் அதுதான் விருப்பம் என்றாள்.

"பேரைப் போடும்," என்றேன்.

"யோசிச்சுச் சொல்லுங்கோ அக்கா. அது எல்லாக் காலமும் இருக்கும்."

"ஓம். போடும்."

என் பெயரைத் தகப்பன் பெயரோடு சேர்த்து எழுதினால் ஜேர்மன்காரரின் எந்தப் படிவத்துக்குள்ளும் அடங்காது. அவள் முழுதாகப் போட்டிருக்கிறாள், இரண்டு வரி எடுக்கிறது. என் பெயர் அச்சில் வந்திருக்கும் இடம் அது ஒன்றுதான். கணவர் அதைக் கண்ணாடி போட்டு வாசித்துவிட்டு, "இதுக்கோ பேர் குடுத்தனீர்?" என்று கேட்டார். பிறகு அந்தப் பக்கத்துக்கு ஒரு கடுதாசித் துண்டை அடையாளமாக வைத்தார். வருகிற ஆட்களுக்கு எடுத்துக் காட்டுகிறார், எனக்கு வெட்கமாக இருக்கிறது.

கமரா வரும்வரை காத்திருங்கள், அழித்தால் அன்றைக்கே சொல்லுங்கள் என்றெல்லாம் நான் சொல்லலாம். உங்கள் கையேட்டிலும் அது இருக்கிறது, எங்கள் கையேட்டிலும் இருந்தது. நான் சொல்ல நினைப்பது அந்தத் தொலைபேசிப் பேச்சின் கடைசியில் ஜெனிற்றா கேட்டதை. வைக்கப்போன நேரம், கொஞ்சம் தயங்கித்தான் கேட்டாள்.

"அக்கா, கோவிக்காதேங்கோ. அந்தக் கடைசி ஓரம். அழிக்கேக்கை அதிலை என்ன எழுதியிருந்தது எண்டு ஒரு சொல்லாவது ஞாபகம் இருக்கோ? அவவுக்குப் பிறகு அதைப் பாத்த ஒரே ஆள் நீங்கள்தானே."

நான் கண்ணை மூடிக்கொண்டு அந்தப் பக்கத்தை நினைத்துப் பார்த்தேன். தாள் தெரிந்தது, சாய்ந்த எழுத்தின் சாம்பல் நிறம் தெரிந்தது, என் கையும் தெரிந்தது.

"நான் வாசிக்கேல்லைப் பிள்ளை," என்றேன்.